ஓடாத வண்டியின் ஹாரன்

...சட்டம் சட்டம்னு இவ்வளவு நேரம் பேசிட்டேன். பாதிப் பேருக்குக் கொட்டாவி வந்திருச்சு. எனக்கே வந்திருச்சுன்னா பாத்துக்கோங்க! நான் ஒன்பதாம் கிளாஸை ரெண்டு வருஷம் படிச்சவன்... அவ்வளவு ஆர்வம். இந்தத் தெருவோர வியாபாரிங்க சட்டத்தை எனக்குப் படிச்சுச் சொன்னதே என் மகதான். "அப்பா, புரிஞ்சுதா?"ன்னா. தலையாட்டினேன். "அப்ப சொல்லு பாப்போம்"னா. அங்கதான் மாட்டினேன். அதனால சட்டத்தை விடுங்க, ஒரு சின்னக் கதை சொல்றேன், கேளுங்க.

தாராபுரம் பக்கம் என் மச்சான் துரைசாமி குட்டியானை வண்டியில சுண்டல் விக்கிறார். பக்கத்து வண்டி மயிலாத்தாளுது. எலுமிச்சை சாதம், தயிர் சாதம். அந்த ரோட்டோரத்துல பதினஞ்சு வண்டி நிக்கும். எப்படி நிக்கும்? நம்ம மாதிரியேதான்... மூஞ்சி ரோட்டைப் பாத்து, சாவி வண்டியிலயே, குண்டான் மூடியைத் துண்டால இறுக்கிக் கட்டி. ஏன்? நகராட்சி ஜீப்பு வந்தா ஓடணுமில்ல! ஜீப்பு போனதும் கடைசி வண்டிக்காரர் ஹாரன் அடிப்பார். ரெண்டு சின்னது, ஒண்ணு பெருசு. "ஆபத்து போயிருச்சு, வாங்கப்பா"ன்னு அர்த்தம்.

மயிலாத்தாள் வண்டியில செல்ஃப் எடுக்காது. தள்ளித்தான் கிளப்பணும். தள்ளுறது என் மச்சான் வேலை.

ஒரு நாள் மத்தியானம் ஜீப்பு வந்துச்சு. ஒரே நிமிஷம்... ரோடு காலி! சாம்பார் ஒரு பக்கம், சட்னி ஒரு பக்கம். என் மச்சான் இருக்காரே... தள்ளவும் மறந்து, தராசையும் மறந்து பறந்துட்டார். மயிலாத்தாள் மட்டும் கரண்டியோட நிக்கிறா.

ஜீப்புல இருந்து ஒரு மேடம் இறங்கினாங்க. கையில லத்தியா? இல்லீங்க, செல்போன். "வியாபாரம் பண்றவங்களைக் கணக்கெடுக்க வந்திருக்கோம்மா. இங்க உங்க வண்டி ஒண்ணுதானா?"

"எதுக்குங்க மேடம்?"

"இடம் ஒதுக்கத்தான். யார் இருக்காங்களோ அவங்களைத்தான் நான் எழுத முடியும்."

யோசிங்க. "ஆமா, நான் ஒருத்திதான்"னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும். மொத்த ரோடும் அவளுக்கு! நீங்களா இருந்தா என்ன சொல்லியிருப்பீங்க? நானா இருந்தா... வேண்டாம், என் வீட்டுக்காரி முன்வரிசையில உட்காந்திருக்கா.

மயிலாத்தாள் துரைசாமிக்குப் போன் போட்டா. "அண்ணா, வாங்க, இடம் தர்றாங்களாம்!" என் மச்சான் என்ன சொன்னார் தெரியுமா? "ஏம்மா, உன்னைப் புடிச்சு வெச்சு எங்களையும் கூப்பிடச் சொல்றாங்களா?" போன் கட்! சிரிக்காதீங்க. முன்னாடி ஒரு தடவை இதே ஜீப்புல தராசைப் பறிகொடுத்தவர் அவர்... பறிகொடுத்தவனுக்குத்தான் அந்தப் பயம் தெரியும்.

மேடம் ஜீப்புல ஏறப் போறாங்க. மயிலாத்தாள் என்ன செஞ்சா? ஓடிப் போய் தன் வண்டி ஹாரனை அடிச்சா! ரெண்டு சின்னது... ஒண்ணு பெருசு.

சந்துல இருந்து முதல்ல சுண்டல் வண்டி எட்டிப் பாத்துச்சு. ஜீப்பைப் பாத்ததும் ரிவர்ஸ்! பின்னாடியே போய் நின்னுட்டா மயிலாத்தாள். "ஏத்துங்கண்ணா, என் மேலயே ஏத்திட்டுப் போங்க! தள்ளிவிடாமத்தான் ஓடுனீங்க... இப்பவாச்சும் நில்லுங்க!"

நின்னார். அவரைப் பாத்து இன்னொண்ணு... இன்னொண்ணு... ஓடுன பதினாலும் வந்துச்சு. மேடம் எல்லாரையும் வண்டியோட படம் எடுத்து எழுதிக்கிட்டே சொன்னாங்க: "இந்தக் கணக்கு முடிஞ்சு சான்று தர்ற வரைக்கும் உங்களை யாரும் காலி பண்ணக் கூடாதுன்னு சட்டமே இருக்கு. ஏன் ஓடுறீங்க?"

மச்சான் தலையைச் சொறிஞ்சார். "பழகிப்போச்சுங்க மேடம்."

இன்னிக்கும் பதினஞ்சு வண்டியும் அங்கதான் நிக்குது. மயிலாத்தாள் இன்னும் செல்ஃபைச் சரி பண்ணலை. கேட்டா, "இனி எதுக்குங்க அவசரமாக் கிளம்பணும்?"ங்கறா!

இதை ஏன் உங்ககிட்ட சொல்றேன்? வர்ற திங்கக்கிழமை நம்ம ஊருக்கும் கணக்கெடுக்க வர்றாங்க. சட்டம் நம்ம பக்கம் வந்து நிக்கும்போது நாம அந்த இடத்துல இல்லாமப் போயிடக் கூடாது! சாவியைக் கழட்டி இடுப்புல சொருகுங்க. குப்பையைக் கூட்டி வெச்சுட்டு, நிமிர்ந்து நின்னு பேரைச் சொல்லுங்க. பக்கத்து வண்டி ஓடினா, "நமக்கென்ன"ன்னு இருக்காதீங்க... ஹாரன் அடிச்சுக் கூப்பிடுங்க. முக்கியமா என்னைக் கூப்பிடுங்க. பள்ளிக்கூடத்துல இருந்தே ஓடி வந்தவன் நான்... கால் சும்மா இருக்காது!