அச்சு அசல் பல்லி

டீயைக் கொட்டியது நான்தான், சாமி. அதை நான் யாரிடமும் மறைத்ததில்லை. அக்கா மகள் வெண்பா, பொம்மைக்கு அச்செடுக்கச் சொல்லி என்னிடம் கொடுத்த கலர் படங்களின் மேல் ஒரு டம்ளர் டீயை அப்படியே கவிழ்த்தேன். படத்தில் இருந்த பச்சைப் பல்லி பழுப்பாகி, நம் வீட்டு ட்யூப்லைட்டுக்குப் பின்னால் குடியிருக்கிற பல்லிக்குச் சொந்தக்காரன் போல ஆகிவிட்டது. இந்த மாதிரிச் சின்னத் தப்புகளை உடனே ஒத்துக்கொண்டுவிடுவது என் வழக்கம். நேர்மையானவன் என்று பேர் வாங்க இதைவிட மலிவான வழி கிடையாது.

நான் கொளஞ்சியப்பன். உங்கள் பேர்தான். விருத்தாசலத்தில் பீங்கான் பொம்மைக்கு அச்சு எடுக்கிறவன். மாசி மகத்துக்கு மறுநாள் உங்கள் கோயில் வேலில் கட்டிவிட்டுப் போன பிராதுச் சீட்டைத் திரும்ப வாங்கிக்கொள்ள வந்திருக்கிறேன். பிராது எழுதியவன் கொளஞ்சியப்பன், விசாரிக்கிறவர் கொளஞ்சியப்பர். எதிரி யார் என்று சொன்னால் உங்களுக்கே சிரிப்பு வரும்.

வெண்பா பல்லியை ஆராய்ச்சி செய்கிறவள். கடலுக்கு நடுவே சில குட்டித் தீவுகளில் மட்டும் இருக்கிற பல்லி. விரல் நீளம்தான், இளம் வெண்டைக்காய்ப் பச்சை, முதுகில் சிவப்புப் புள்ளி. அதைப் பீங்கானில் செய்து, கழுத்தில் ‘என்னைக் காப்பாற்றுங்கள்’ என்று ஓர் அட்டையைக் கட்டி, பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குக் கொடுக்க வேண்டும் என்றாள்.

“மொத்தம் எத்தனை இருக்குது பாப்பா?” என்று கேட்டேன்.

“கம்மிதான் மாமா.”

கம்மி என்றால்? குழம்பில் உப்பு கம்மி என்பது மாதிரியா, மணிமுத்தாற்றில் தண்ணி கம்மி என்பது மாதிரியா? படித்த பிள்ளைகள் நேராகப் பதில் சொல்வதில்லை. இதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும்.

படம் கெட்டதும் போனில் அனுப்புகிறேன் என்றாள். போனில் எனக்குப் பல்லியும் வெண்டைக்காயும் ஒன்றுதான், நேரில் பார்த்தால்தான் அச்சு அசலாக வரும் என்று அடம்பிடித்தேன். அவள் ஒரு ஜோடியைச் சென்னையிலிருந்து தெற்கே ஒரு வளர்ப்பு நிலையத்துக்கு ரயிலில் கொண்டுபோக வேண்டியிருந்தது. மாமன் கேட்கிறானே என்று வழியில் நம் ஜங்ஷனில் இறங்கினாள். கண்ணாடிப் பெட்டியில் ஆண் ஒன்று, பெண் ஒன்று. பெண்ணுக்கு வயிறு பெருத்திருந்தது. மெல்லிய தோல். உள்ளே இரண்டு முட்டை வெள்ளையாகத் தெரிந்தது.

“வெளியிலேர்ந்து பார்த்து செய்யுங்க மாமா. மூடியத் தொறக்காதீங்க. இது முட்டை வுட்டாத்தான் எங்களுக்கு மூச்சே வரும்.”

“அப்ப எத்தனைதான் இருக்குது?”

“எண்ணிக்கிட்டுதான் மாமா இருக்கோம்” என்று சொல்லிவிட்டு, பெட்டியை என்னிடம் விட்டுவிட்டு, அவள் அம்மாவோடு மாசி மகம் பார்க்கப் போய்விட்டாள்.

நான் களிமண்ணில் செய்து பார்த்தேன். முதலில் வந்ததைப் பார்த்து என் மனைவி ஆண்டாள், “முதலை நல்லாருக்குது” என்றாள். அடுத்ததைப் பார்த்து, “ஏங்க, இது எங்க பெரியப்பாதான?” என்றாள். பிள்ளையாரையும் யானையையும் கண்ணை மூடிக்கொண்டு செய்கிற கை. ஒரு விரல் நீளப் பல்லி வரவில்லை. உசுரோட இருக்கிற மாதிரி செஞ்சு காட்டறேன் பாரு என்று டீக்கடை முழுக்கச் சொல்லி வைத்திருந்தேன். அந்த நேரத்தில் ட்யூப்லைட் பல்லி ‘ச்சு ச்சு’ என்றது. வேண்டாம் என்று சொன்னதாகவும் எடுத்துக்கொள்ளலாம். நான் நல்ல சகுனம் என்று எடுத்துக்கொண்டு, வழக்கப்படி விரலால் தரையைத் தட்டினேன்.

எனக்கு இளகின மனசு, சாமி. ஈயைக்கூட அடிக்காமல் துண்டால் விரட்டி அனுப்புகிறவன். அதனால் கண்ணாடிப் பெட்டியிலிருந்து எடுத்ததை முதலில் ஒரு டப்பாவில் போட்டு ஃப்ரிட்ஜில், தோசை மாவுக்குப் பக்கத்தில் கொஞ்ச நேரம் வைத்தேன். குளிர்ந்தால் பல்லி மயங்கிப் படுத்துவிடும். அதன் மேல் ஊற்றின பிளாஸ்டர் இறுகும்போது சூடு கக்கும். குளிரில் கிடந்ததற்கு அது இதமாகத்தான் இருந்திருக்கும்.

ஏன் பெண்ணை எடுத்தாய் என்று கேட்பீர்கள். இதில் கொடுமை ஒன்றும் இல்லை, தொழில் நியாயம்தான். சூளைக்குப் போனால் களிமண் சுண்டும். அசல் அளவில் அச்செடுத்தால் பொம்மை அசலைவிடச் சிறுத்துப்போகும். அதனால் அச்சு எப்போதும் கொஞ்சம் பெரிதாக வேண்டும். ஆண் ஒல்லி. பெண் முட்டையோடு புஷ்டியாக இருந்தது. சுண்டினபின் சரியான அளவில் வந்து நிற்கும் என்று நினைத்தேன், நின்றது. அச்சும் அவ்வளவு சுத்தமாக விழுந்தது. வயிற்றில் இரண்டு முட்டையின் மேடுகூடத் தெரிந்தது. மிச்சத்தை மல்லிச் செடியடியில் புதைத்து ஒரு சிட்டிகை விபூதி போட்டேன்.

வெண்பா திரும்பி வந்தபோது, ஒரு பல்லியைக் காணோமே என்று முதலில் சத்தம் போட்டவனும் நான்தான்.

“நான் மூடிய சரியா மூடலையா மாமா?”

“இருக்கும் பாப்பா. அவசரத்துல யாருக்கும் கை தவறும். நான் டீயக் கொட்டலையா?”

அலமாரிக்குப் பின்னால், கட்டிலுக்கு அடியில், செருப்புக்குள்ளே என்று அவள் தேடினாள். நான் டார்ச் பிடித்தேன். ஆடாமல் பிடித்தேன். மாவில் விழுந்திருக்குமோ என்று ஆண்டாள் ஒரு சட்டி மாவைக் கொண்டுபோய்க் கொட்டினாள். அந்த நஷ்டத்தை வாய் திறக்காமல் தாங்கிக்கொண்டேன்.

மறுநாளும் அழுதுகொண்டே இருந்தவளை பைக்கில் உட்காரவைத்து இங்கே கூட்டி வந்தேன்.

“எனக்கு இதுல நம்பிக்கை இல்ல மாமா.”

“எனக்கு இருக்குது.”

‘பச்சைப் பல்லி ஒன்றைக் காணவில்லை. எடுத்தவர் யாராக இருந்தாலும் சும்மா விடக்கூடாது’ என்று என் கையாலேயே எழுதிக் கட்டினேன். உங்களால் பல்லியைத் திருப்பித் தர முடியாது என்பது எனக்குத் தெரியும். பிள்ளைக்கு ஓர் ஆறுதல். ஆறுதல் சொல்வதில் நான் கெட்டிக்காரன்.

கவனக்குறைவு என்று சொல்லி, அவள் வேலை செய்கிற இடத்தில், பல்லிப் பெட்டி பக்கமே வரக்கூடாது என்று அவளை ஒதுக்கி வைத்தார்கள். அவள் சும்மா இருக்கவில்லை. தீவுகளில் பல்லியை எண்ணப் போன குழுவோடு, கெஞ்சிக் கூத்தாடி, தானும் சேர்ந்து போனாள்.

இங்கே என் பல்லி அமோகமாகப் பெருகியது. அச்சு ஒன்று போதுமே. அலமாரியில் பல்லி, பலகையில் பல்லி, பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளின் பென்சில் டப்பாவில் பல்லி. அந்தத் தீவுகளால் முடியாததை ஒரே கோடையில் செய்து முடித்திருந்தேன். காப்பாற்றியது யார் என்று எவராவது கேட்டால் கையைத் தூக்கத் தயாராக இருந்தேன்.

இன்றைக்குக் காலையில் வெண்பா வந்தாள். வெயிலில் கறுத்து, உதடு வெடித்திருந்தது. பலகையிலிருந்து ஒரு பல்லியை எடுத்து முதுகைத் தடவிப் பார்த்தாள்.

“அச்சு அசலா இருக்குது மாமா” என்று சிரிக்கக்கூடச் செய்தாள்.

பிறகு திருப்பினாள். கட்டைவிரல் வயிற்றில் போய் நின்றது. ஒரு மேடு. பக்கத்தில் இன்னொரு மேடு. அதை வைத்துவிட்டு வேறொன்றை எடுத்தாள். அதிலும் இரண்டு. அதற்கடுத்ததிலும் இரண்டு. ஒரே அச்சில் வந்தது வேறெப்படி இருக்கும்?

“டீ போடட்டுமா?” என்றாள் ஆண்டாள் உள்ளிருந்து.

வெண்பா என்னைப் பார்த்தாள். திட்டியிருந்தால் ஏதாவது சமாளித்திருப்பேன். தமாஷாக ஒரு வார்த்தை சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். பழைய கேள்விதான் வந்தது.

“பொட்டியில இன்னொண்ணு இருக்குதுல்ல? தீவுலயும் போயி எண்ணிட்டு வந்துட்ட. இப்பவாச்சும் மாமனுக்கு நேரா சொல்லு பாப்பா. மொத்தம் எத்தனை இருக்குது?”

கையிலிருந்த பொம்மையை, மற்றவற்றோடு வரிசை கலையாமல், பலகையில் வைத்தாள்.

“ஒண்ணு மாமா” என்றாள். “ஆணு.”