சாயம் ஊறும் நேரத்துப் புத்தகங்கள்

மேடையில் அமர்ந்திருக்கும் நம் அழகுநிலையச் சங்கத் தலைவி அவர்களே, செயலாளர் அவர்களே, கடையைப் பூட்டிவிட்டு வந்திருக்கும் சகோதரிகளே, முன்வரிசையில் இருக்கும் அக்காவின் அருமை மகளே! எல்லோருக்கும் என் வணக்கம்.

அக்காவின் கடையில் இரண்டாவது நாற்காலியில் வேலை பார்ப்பவள் நான். அந்த உரிமையில் அவருடைய இந்த நினைவுக் கூட்டத்தில் பேச வந்திருக்கிறேன். அழுதுவிடுவேனோ என்று பயப்படாதீர்கள். கண்மை கரைந்தால் அக்கா பொறுத்துக்கொள்ள மாட்டார்.

நம் சங்கத்தின் முன்னாள் பொருளாளருக்கு 'புத்தக அக்கா' என்று ஏன் பெயர் வந்தது? தலைக்குப் பூசிய சாயம் ஊற அரைமணி நேரமாகும். அந்த நேரத்தில் நாமெல்லாம் என்ன கொடுப்போம்? சினிமாப் பத்திரிகை. அக்கா என்ன கொடுத்தார்? பறவைகள், பாலங்கள், கவிதை, ஆழ்கடல் மீன்கள், துப்பறியும் கதை! அந்த அலமாரியில் இல்லாத சங்கதி உண்டா? அதிலும் ஒரு பிடிவாதம். வருகிறவர் கேட்பதைக் கொடுக்கவே மாட்டார். அவருக்குச் சம்பந்தமே இல்லாத ஒன்றைத்தான் மடியில் வைப்பார்.

வங்கி மேலாளர் அம்மாவுக்குக் கிடைத்தது சிலந்திகளைப் பற்றிய படப்புத்தகம்.

"சீச்சீ! இதைப் போய் யாராவது படிப்பாங்களா?"

"மூஞ்சியைப் பார்க்காதீங்க மேடம். அது கட்டுற வலையை மட்டும் பாருங்க."

அடுத்த மாதம் அந்த அம்மா உள்ளே நுழையும்போதே என்ன கேட்டார் தெரியுமா? "என் சிலந்தி எங்கே?" வீட்டில் ஒட்டடை அடிக்க மனசே வரவில்லையாம்!

இன்னொரு நாள் ஒரு தலைமையாசிரியை வந்தார். இளம்பழுப்பு நிறம் கேட்டார். கையில் பாலங்களின் கதை. அவர் படிக்க, பின்னால் நின்று அக்காவும் படிக்க, நேரம் போனது இருவருக்கும் தெரியவில்லை. கழுவிப் பார்த்தால் தலை கன்னங்கரேல்! அக்கா பதறிப்போய் மன்னிப்புக் கேட்டார். அந்த அம்மாவோ, "முடி கிடக்கட்டும் விடுங்க. அந்தப் பாலம் விழுந்துச்சா, இல்லையா? அதைச் சொல்லுங்க முதல்ல" என்றார்.

அக்கா ஒருநாள் மீன் படம் ஒன்றைக் காட்டி, "இந்த நிறத்தை நம்மால கலக்க முடியுமாடி?" என்று கேட்டார். நாள் முழுக்கக் கலந்து பார்த்துத் தோற்றேன். பள்ளிக்கூடத்தில் புத்தகத்தைக் கண்டாலே ஓடியவள் நான். அன்று தோற்றதில் எனக்கு எவ்வளவு சந்தோஷம்! உலகம் இத்தனை அழகாக இருக்கிறது என்று எனக்குச் சொல்ல வேறு யார் இருந்தார்கள்?

அவர் போய்விட்டார். இனி அந்தக் கடை என்னாகும்? அந்த அலமாரி என்னாகும்? ஒரு வாரமாக எனக்குத் தூக்கமில்லை. மகளுக்கு வெளியூரில் வேலை. கடையைக் காலி செய்வதென்று முடிவெடுத்திருந்தாள். அவள்மீது எனக்கு வருத்தமில்லை. தனி ஆளாக அவளும் என்னதான் செய்வாள்?

இன்று காலை புத்தகங்களை எடைக்குப் போட ஏற்பாடு. நான் போனபோது பழைய பேப்பர்காரர் தராசோடு வாசலில் நின்றார். உள்ளே அக்காவின் நாற்காலியில் மகள். மடியில் அந்தச் சிலந்திப் புத்தகம். பக்க ஓரமெல்லாம் அக்காவின் சாயக் கறை.

"ஏம்மா, அவர் எவ்வளவு நேரம் நிப்பார்?" என்றேன்.

அவள் தலை நிமிரவில்லை. "இருங்க சித்தி, இந்தப் பக்கம் முடியட்டும்."

சாயத்தைக் கழுவக் கூப்பிடும்போது எத்தனை பேர் வாயிலிருந்து அந்தப் பதிலைக் கேட்டிருக்கிறேன்! அந்தப் பக்கம் முடிந்தது, அடுத்த பக்கமும் முடிந்தது. பேப்பர்காரர் வெறும் சாக்கோடு போய்விட்டார். பிறகுதான் அவள் நிமிர்ந்தாள். "கடையை நீங்களே நடத்துங்க சித்தி. ஆனா ஒண்ணு, புதுப் புத்தகம் நான்தான் வாங்கி அனுப்புவேன்."

சகோதரிகளே! நாளைக் காலை கடை திறக்கிறது. அக்கா தொடங்கிவைத்த பழக்கத்தை என் கை ஓயும்வரை நான் விடமாட்டேன் என்று இந்தச் சபையில் உறுதி சொல்கிறேன். தலைமையாசிரியை அம்மா, கடைசி வரிசையில் உங்களைப் பார்த்துவிட்டேன். நாளைக்கு வாருங்கள். பழுப்பு நிறம் என் பொறுப்பு, ஆனால் புத்தகத்தை மட்டும் என்னிடம் கேட்காதீர்கள். நான் கொடுப்பதைத்தான் படிக்க வேண்டும்.