பத்தடி வழிக்கு ஒரு பூட்டு

அமீனா: இல்லம்மா, நான் கேக்குறது ஒரே கேள்வி. போன தடவ நான் அறுத்துப் போட்ட பூட்டு சின்னதா இருந்துச்சு. இது எரும கழுத்துல கட்டுற மணி மாதிரி தொங்குதே?

தையல்காரம்மா: நீங்க பெரிய கட்டர் கொண்டுட்டு வர்றீங்க. அதுக்கு ஏத்த மாதிரிதான்.

அமீனா: விளையாடாதீங்க. கோர்ட்டு அமீனா நான், உத்தரவோட வந்திருக்கேன்.

தையல்காரம்மா: யாரு விளையாடுறா? பள்ளிக்கூடம் தொறக்கப் போவுது. குவிஞ்சு கெடக்கு யூனிபாரம். நீங்க கேட்டுக்கு அந்தப் பக்கம் நின்னே பேசுங்க, எனக்குக் காது நல்லாக் கேக்கும்.

அமீனா: ஜட்ஜ் முன்னாடி சமாதானமாப் போறேன்னு ராஜிக்கு வந்தது நீங்கதான? 'பின்வீட்டுக்குப் பத்தடி வழி விடுறேன், தெருக் கேட்டப் பூட்ட மாட்டேன்'னு கையெழுத்துப் போட்டது?

தையல்காரம்மா: போட்டேன். யாரு இல்லேன்னா?

அமீனா: அப்புறம்?

தையல்காரம்மா: அப்புறம் என்ன... பூட்டிட்டேன்.

அமீனா: ஐயோ... ஜப்திக்குப் போனா ஓடி ஒளியுறவங்களப் பாத்திருக்கேன், கால்ல விழுறவங்களப் பாத்திருக்கேன். இப்படி ஊசியில நூல் கோத்துக்கிட்டே பதில் சொல்ற ஆள இப்பதான் பாக்குறேன். என் வீட்டுக்காரி கேக்குறா, 'இன்னிக்கும் அந்தக் கேட்டுக்கா போறீங்க'ன்னு.

தையல்காரம்மா: கூட்டிட்டு வாங்களேன் ஒரு நாள். அளவெடுத்து ஜாக்கெட் தச்சுத் தர்றேன்.

அமீனா: அம்மா!

டிரைவர்: சார்... வந்துட்டீங்களா. வெயில்ல நிக்கிறீங்களே.

அமீனா: வாங்க டிரைவர் அண்ணே. பின்வீட்டுக்காரரு, கேஸ் போட்ட ஆளு நீங்க. நீங்களே கேளுங்க இந்தம்மாவ.

டிரைவர்: நான் என்னத்தக் கேக்குறது... பேச்சுவார்த்தை இல்லியே.

தையல்காரம்மா: அந்த ஆளோட எனக்கு என்ன பேச்சு!

அமீனா: ஒரு நிமிஷம். அண்ணே, காலைல கோர்ட்டு வாசல்ல என்கூட டீ குடிச்சீங்க. இப்ப கேட்டுக்கு உள்பக்கம் நிக்கிறீங்க. எப்படி உள்ள போனீங்க?

டிரைவர்: அது... சுவரேறித்தான் சார். வேற வழி?

அமீனா: இந்த வயசுல?

டிரைவர்: பஸ் ஓட்டின காலு சார்.

அமீனா: சரி. உங்க பின்னால நிக்குதே ஸ்கூட்டரு, அதுவும் சுவரேறிச்சா?

தையல்காரம்மா: அது ரிப்பேர் சார். ரொம்ப நாளா அங்கதான் கெடக்கு.

அமீனா: நான் அவரக் கேட்டேன். காலைல டீக்கட வாசல்ல அத உதைச்சுக் கெளப்பிட்டு வந்தாரு, நான் பாத்தேன்... சரி, விடுங்க. யாரு எந்தச் சுவரு ஏறினா எனக்கென்ன? அண்ணே, உங்க மகன் எனக்கு தினம் போன் போடுறாரு. 'வீடு வாங்க ஆள் ரெடியா நிக்குது, வழிப் பிரச்சன தீரட்டும்னு காத்துக்கிட்டிருக்காங்க. என்னைக்கு சார் முடியும்?'னு. என் நம்பர அவருக்கு யாரு குடுத்தா?

டிரைவர்: வக்கீல் குடுத்திருப்பாரு. எல்லாம் அவன் ஏற்பாடுதான். நான் கையெழுத்துப் போடுறதோட சரி.

அமீனா: வீட்ட வித்துட்டு மகன்கூட நிம்மதியா இருக்கப் போறீங்க. இந்தம்மாவால இழுத்துக்கிட்டே கெடக்கு.

டிரைவர்: ஆமா... நிம்மதியா.

அமீனா: அம்மா, கடைசியாச் சொல்றேன். இந்தத் தடவ பூட்ட அறுத்துட்டு நான் பாட்டுக்குப் போயிட முடியாது. 'இனி பூட்ட மாட்டேன்'னு நீங்க எழுதிக் குடுக்கணும். இல்லேன்னா ஜட்ஜ்கிட்டக் கூட்டிட்டுப் போவணும், அவரு நேரா சிவில் ஜெயில்னு சொல்லிட்டாரு. ஆட்டோவுல பெண் போலீஸ் உக்காந்திருக்காங்க, பாருங்க.

தையல்காரம்மா: எழுதித் தர மாட்டேன்.

அமீனா: ஏம்மா, ஒரு வரி!

தையல்காரம்மா: எழுதிக் குடுத்துட்டு மறுநாளும் பூட்டு விழுந்துச்சுன்னா? பொய்யா எழுதச் சொல்றீங்களா?

அமீனா: பூட்டாதீங்கன்னுதான சொல்றேன்! பூட்டு என்ன தானா முளைக்குதா? வெல்டர், அறுப்பா அத... வாங்கம்மா, செருப்பப் போட்டுக்கிட்டு வாங்க.

தையல்காரம்மா: இருங்க, மிஷின மூடிட்டு வர்றேன்.

டிரைவர்: தங்கச்சி... படி வழுக்கும், பாத்து.

அமீனா: என்னது?

டிரைவர்: ஒண்ணுமில்ல சார்.

அமீனா: தங்கச்சியா? கோர்ட்டுல 'எதிர்மனுதாரர்'னு கத்தினீங்களே, அது யாரு?

தையல்காரம்மா: வாய் தவறியிருக்கும். கெளம்புங்க சார், ஆட்டோ நிக்குது.

அமீனா: ஜெயிலுக்கு இவ்வளவு அவசரமா? அம்மா, ஒழுங்கா சாவியக் குடுங்க. குடுத்தீங்கன்னா ஜட்ஜ்கிட்ட நான் ஏதாவது சொல்லிப் பாக்குறேன்.

தையல்காரம்மா: தர மாட்டேன்.

டிரைவர்: அதுகிட்ட இருந்தாத்தான சார் தரும்.

தையல்காரம்மா: யோவ் டிரைவரு! வாய மூடு.

டிரைவர்: போதும் தங்கச்சி. நீ ஆட்டோவுல ஏறுறத நான் நின்னு வேடிக்க பாக்கவா? சார்... பூட்டுறது நான். ராஜி ஆன பெறகு அது ஒரு தடவகூடப் பூட்டல. நான் பூட்டிட்டு, பேரு மட்டும் அதுக்கு.

அமீனா: உங்க வழிய... நீங்களே?

டிரைவர்: வழியில்லாத வீட்ட எவன் சார் வாங்குவான்? எம் பொஞ்சாதி செத்த வருஷமே மகன் ஆரம்பிச்சுட்டான், 'வித்துட்டு எங்கூட வாப்பா'ன்னு. போய்ப் பாத்தேன். ஹால்ல ஒரு சோபா. ராத்திரி அவங்க டிவிய அணைச்சாத்தான் எனக்குப் படுக்க. இங்க அவ படுத்த கட்டில் இருக்கு, அவ நட்ட முருங்க இருக்கு... பெத்த புள்ளகிட்ட முடியாதுன்னு சொல்ல எனக்கு வாய் வரல. பூட்டப் போட்டேன்.

அமீனா: கடவுளே... மனு போட்ட ஆளே மறியல் பண்றாரு, நான் வெல்டரோட வந்து வந்து அறுத்துக்கிட்டிருக்கேன். இத என்னன்னு எழுதி ஜட்ஜ் முன்னாடி நீட்டுறது? சரி, அவருக்கு வீட்டவிட்டுப் போவணுமேன்னு பயம். உங்களுக்கு என்னம்மா தலையெழுத்து? செய்யாத தப்புக்கு ஜெயிலுக்குச் செருப்பு மாட்டுறீங்க!

தையல்காரம்மா: எனக்கும் ஒரு மகன் இருக்கான் சார். இப்பவே போன்ல, 'ஒத்த ஆளுக்கு எதுக்கும்மா அவ்ளோ பெரிய வீடு'ங்குறான். நாளைக்கு அவன் வாங்குற ஆளக் கூட்டிட்டு வந்து நிக்கையில... எம்மேல கேஸ் போட்டு விக்க விடாம இழுக்க பக்கத்துல ஒரு ஆளு வேணாமா?