உரைக்கு அடியில் ஒரு தாலாட்டு

ஆசையாய் அழைத்துவிட்டு, மேசை மணியைக் கையிலேயே வைத்திருக்கும் தலைவர் அய்யாவு அவர்களே! கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் கார் நிறுத்த இடமின்றி இந்த மண்டபத்தை வலம் வந்தே புண்ணியம் சேர்த்த பெரியோர்களே! பின்வரிசையில் அமர்ந்து பிரியாணிப் பொட்டலங்களைக் கண்ணால் காவல் காக்கும் தாய்மார்களே! ரஷ்யாவில் மருத்துவம் படித்து, பட்டத்தோடு தாம் குடியிருந்த வீட்டின் சொந்தக்காரரையும் தம் ஊரான கிள்ளானுக்கு அழைத்து வந்திருக்கும் டாக்டர் ஜானிஸ் அவர்களே! அந்தச் சொந்தக்காரராகிய சோவியத் திரையிசைச் செம்மல், தொண்ணூறு வயது ஷுர்கோவ் ஐயா அவர்களே! வணக்கம்.

ஐயாவைப் பாருங்கள். சைபீரியப் பனியில் சிரித்தவர், நாம் போர்த்திய பொன்னாடைகளுக்குள் வெந்துகொண்டிருக்கிறார். கைதட்ட வேண்டாம் அண்ணே, யாராவது விசிறுங்கள்.

படங்கள் பலவற்றுக்கு இசையமைத்தார். ஆனால் அவர் நெஞ்சில் இருந்த பாட்டு ஒன்றே ஒன்று. பச்சிளம் பருவத்தில் பறிகொடுத்த மகளுக்காகக் கட்டிய தாலாட்டு. அதை ஒருமுறை, ஒரே ஒருமுறை, ஊர் முழுதாகக் கேட்க வேண்டும். வேறென்ன கேட்டார் அந்த மனிதர்?

முதல் படத்தில் தொட்டிலாட்டும் தாய்க்கு அதை வைத்தார். கட்சி மேலிடத்துக் குழு சொன்னது: இனிமை இருக்கிறது, இதில் உற்பத்தி எங்கே? உடனே தாலாட்டின்மேல் அறுவடைச் செயலாளரின் உரையை ஏற்றினார்கள். உரை ஓங்கியது, தாலாட்டு ஓய்ந்தது. துவண்டாரா? துவளவில்லை! அடுத்த படத்தில் ஆற்றங்கரைக் காதலருக்கு வைத்தார். படகில் வந்து இறங்கினார் நீர்ப்பாசனச் செயலாளர், பேசினார். மனிதர் இருந்தால்தானே பேசுவார்கள் என்று, காட்டில் கரடி மட்டும் உறங்கும் படத்தில் வைத்தார். மரத்தில் வானொலிப் பெட்டியைக் கட்டிவிட்டார்கள்! கரடிக்கும் பேசினார் ஒரு செயலாளர். ஆமாம் அக்கா, கரடியே எழுந்து போய்விட்டது.

அந்தத் தாலாட்டு இன்று, பந்திங்கிலிருந்து வந்திருக்கும் லோகன் குழுவினரின் உறுமி மேளத்தில் முழுமையாக முழங்கப் போகிறது! தாலாட்டுக்கு உறுமியா என்று கேட்கும் அன்பரே, உறுமி கேட்டுத் தூங்காத பிள்ளை நம்மில் உண்டா?

அதற்குமுன், கலை என்றால் என்ன? கலைஞன் என்றால் யார்? காலம் என்றால் எது?

தலைவர் மணி அடிக்கிறார். அடிக்கட்டும். ஐந்து மணிக்கு இங்கே பிறந்தநாள் விருந்தாம், பலூன்காரர்கள் வாசலில் நிற்கிறார்களாம். நிற்கட்டும்! தமிழன் பேச்சைத் தடுக்கும் பலூன் இன்னும் ஊதப்படவில்லை!

ஐயா ஜானிஸின் காதில் ஏதோ சொல்கிறார். பாராட்டாகத்தான் இருக்கும். சபைக்குச் சொல்லம்மா, தயங்காதே.

“அங்கிள்... நீங்க எந்தத் துறைச் செயலாளர்னு கேக்கறாரு.”

சபையோரே, நான் இந்த மன்றத்தின் செயலாளர்.

ஐயா, வெட்கமாக இருக்கிறது. தாலாட்டு நான்கு நிமிடம். நான் மிச்சம் வைத்திருப்பது ஐந்தே நிமிடம். உரையில் இன்னும் பாதிக்குமேல் இருக்கிறது. இந்தாம்மா ஜானிஸ், இந்தத் தாள்களால் ஐயாவுக்கு விசிறு. லோகன், மைக்கை மேளத்துக்குப் பக்கத்தில் வையப்பா. பலூன்காரத் தம்பிகளே, நீங்களும் உள்ளே வந்து உட்காருங்கள்.

இவ்வளவு நேரம் பொறுத்ததற்கு நன்றி. வாயை மூடிக்கொள்கிறேன். வணக்கம்.