நிலைவாசலில் வேப்பிலை

வாசலில் வேப்பிலை கட்டுவதற்கும் ஒரு கைப்பக்குவம் உண்டு. நிலைக்கு நடுவில், நுழைகிறவர் தலையில் இடிக்கும்படி கட்டவேண்டும். அம்மை போட்ட வீடு என்று வந்தவர்கள் திரும்பிவிடுவார்கள். அம்மை கண்டவளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகச் சொல்லியும் யாரும் வற்புறுத்த மாட்டார்கள்.

நான் முனியராஜ். சிவகாசியிலிருந்து வடக்கே பட்டாசு லோடு கொண்டுபோகும் லாரி டிரைவர். போன இடத்தில் ஒழுங்காக இருக்கவில்லை. எனக்கு எய்ட்ஸ் என்பது 2005லேயே தெரியும். மாதாமாதம் மதுரைக்குப் போய் மாத்திரை வாங்கி விழுங்குகிறேன். வாயுத் தொல்லைக்கு என்று மனைவி பஞ்சம்மாளிடம் சொல்லிவைத்தேன். பாவி மகள், அன்றிலிருந்து எனக்காகப் பூண்டுக் குழம்பு வைத்தாள். வெட்கமில்லாமல் சாப்பிட்டேன்.

போன சித்திரையில் அவள் இடுப்பைச் சுற்றிக் கொப்புளம் கிளம்பியது. விடாத காய்ச்சல், இருமல்.

"ஏங்க, பெரியாஸ்பத்திரிக்கு ஒரு எட்டு போயிட்டு வருவமா?" என்றாள்.

போனால் ரத்தம் எடுப்பார்கள். அவள் ரத்தத்தில் என் யோக்கியதை தெரிந்துவிடும்.

"கிறுக்கச்சி, ஆத்தா வந்திருக்கா. ஊசி போட்டா கோவிச்சுக்கிடுவா" என்றேன். நம்பினாள்.

குறை சொல்ல முடியாதபடிதான் பார்த்துக்கொண்டேன். தாளிக்காத குழம்பு, இளநீர், இருக்கன்குடி அம்மன் கோயில் தீர்த்தம். அவள் அக்கா அய்யம்மாள் தெருவில் நின்றபடியே, "பெத்தவகூட இப்பிடிப் பாக்க மாட்டா, தம்பி. நல்லா இருப்பீக" என்று கும்பிட்டாள். எனக்கு உடம்பு கூசியது. ஆனாலும் வேப்பிலை வாட வாடப் புதிதாக ஒடித்துக் கட்டினேன். தலைக்குத் தண்ணீர் ஊற்றவேண்டிய நாள் கடந்தும் கட்டினேன்.

"கிட்ட வராதீக, உங்களுக்கு ஒட்டிக்கிரும்" என்று பஞ்சம்மாள் கடைசிவரை சொல்லிக்கொண்டே இருந்தாள். என் மாத்திரை டப்பா அவள் தலைமாட்டுக்கு மேலே பரணில் இருந்தது. ஒரு வேளைகூட நான் தவறவிடவில்லை.

நாற்பதாம் நாள் போய்விட்டாள். ஆத்தா கூட்டிக்கொண்டாள் என்று ஊர் சொன்னது. நானும் சொன்னேன். செய்தது நான். பழி சாமி மேல்.

இனி யாரையும் ஏமாற்றக்கூடாது என்றுதான் இதையெல்லாம் சொல்கிறேன். மகள் பாண்டிச்செல்விக்கு நாலு வயது. இன்று காலை குளிப்பாட்டும்போது அவள் முதுகில் அதே கொப்புளம். ஆஸ்பத்திரிக்குக் கட்டாயம் கூட்டிப்போவேன். ஊர் வாய்க்குப் பயந்து, ஒரு வாரம் போகட்டும் என்று வாசலில் வேப்பிலை கட்டிவிட்டுத்தான் இதைச் சொல்ல உட்கார்ந்தேன்.