புறாவுக்காக ஒரு மூடி

செயலாளர் ஐயா, இவ்வளவு நேரம் கடந்து எழுதுவதற்கு மன்னியுங்கள். பிள்ளை இப்போதுதான் கண்ணயர்ந்தான். நாளைக் காலைக் கூட்டத்துக்கு இவனைத் தூக்கிக்கொண்டு இறங்கினால், மைக் இல்லாமலேயே இவன்தான் பேசுவான். அதனால் உரையை எழுதி அனுப்புகிறேன். "எழுதிக் குடும்மா, ஒரு வார்த்தை விடாம நான் வாசிக்கிறேன்" என்றீர்கள். அந்த வாக்கை நம்பித்தான் எழுதுகிறேன். இனி வருவதெல்லாம் அவைக்கு. மைக்கை வாங்கிக்கொள்ளுங்கள்.

ஐந்து மாடியின் ஆர்ப்பாட்டத்தையும் ஒற்றை அதட்டலில் அடக்கும் ஆற்றல் மிக்க கூட்டத் தலைவி அவர்களே, நம் வாயைத் திறக்கவைத்துவிட்டுத் தாம் பேசிக்கொண்டே இருக்கும் இரண்டாம் மாடிப் பல் மருத்துவர் அக்கா அவர்களே, ஊர் உடுத்தத் தாம் உறக்கம் துறக்கும் தரைத்தளத் தையற்கடை அண்ணன் அவர்களே, என்னைப் பெறாவிட்டாலும் என் பிழைகளைப் பெற்றவர்போல் பேணிப் பாதுகாக்கும் என் மாமியார் அவர்களே, மடக்கு நாற்காலி கிடைத்த மகான்களே, கிடைக்காமல் மாடிப்படியில் அமர்ந்திருக்கும் மாணிக்கங்களே, தாய்மார்களே, தாய்மார்களுக்குப் பயந்து வந்திருக்கும் தந்தைமார்களே, உங்கள் அனைவருக்கும் ஐந்தாம் மாடியிலிருந்து இறங்கி வருகிறது என் பணிவான வணக்கம்.

எனக்குத் தரப்பட்ட தலைப்பு உலகத் தட்பவெப்பம். தலைப்பைத் தரும்போதே செயலாளர் ஐயா சுற்றி ஒரு வேலியும் போட்டார். "நீ அந்தப் படிப்புப் படிச்ச பொண்ணு. கடல், மேகம், பனிமலைன்னு பொதுவா ஒரு பத்து நிமிஷம் பேசு. நம்ம கட்டடத்த மட்டும் இழுக்காத" என்றார். இழுக்கவில்லை ஐயா. கடலைப் பற்றித்தான் பேசப் போகிறேன். அந்தக் கடல் நம் கட்டடத்துக்குள்ளேயே குடியிருந்தால் அது என் குற்றமா?

பூமி என்பது என்ன? ஐந்து குடித்தனங்கள் வாழும் ஓர் அடுக்குமாடி. காற்று ஒரு வீடு, கடல் ஒரு வீடு, பனி ஒரு வீடு, மண் ஒரு வீடு, மரம் மட்டை மனிதர் எல்லாம் சேர்ந்து ஒரு வீடு. வெளியிலிருந்து பார்த்தால் தனித்தனிக் கதவு, தனித்தனிப் பூட்டு. உள்ளே வந்து பார்த்தால் எல்லா வீட்டுச் சன்னலும் ஒரே நடுமுற்றத்தைப் பார்க்கின்றன. நீங்கள் இப்போது நாற்காலி போட்டு அமர்ந்திருக்கிறீர்களே, தரையிலிருந்து வானம் வரை திறந்து கிடக்கும் இந்த முற்றம், இதைப் போல. ஒரு வீட்டில் தாளித்தால் ஐந்து வீட்டில் தும்மல். ஒரு வீட்டில் சண்டை என்றால் ஐந்து வீட்டில் தீர்ப்பு.

இன்றைய கூட்டத்தின் கடைசித் தீர்மானம் உங்களுக்குத் தெரியும். புறாத் தொல்லையை ஒழிக்க, இந்த முற்றத்தின் உச்சியில் ஒளி புகும் பிளாஸ்டிக் தகட்டால் ஒரு மூடி. வேண்டாம் என்று சொல்லத்தான் நான் உறக்கம் விட்டு எழுதுகிறேன். இந்தக் கட்டடத்தின் சூடெல்லாம் ஏறி வந்து இளைப்பாறும் இடம் என் வீடு. என் பிள்ளையின் முதுகில் வேர்க்குரு இல்லாத இடத்தைத் தேடித்தான் நான் கைவைத்து அவனைத் தூக்க வேண்டியிருக்கிறது. மூடி விழுந்தால் அந்த இடமும் இருக்காது.

செயலாளர் ஐயா இந்த இடத்தில் இருமுவார். இருமட்டும், காத்திருப்போம்.

முதலில் படுக்கை விரிப்புக் கதை. பேரனுக்குக் காற்று குளிர்ச்சியாக வரட்டும் என்று என் மாமியார் விரிப்புகளை நனைத்து முற்றத்துச் சன்னலில் தொங்கவிட்டார். எங்களுக்குக் குளிர்ச்சிதான். ஆனால் சொட்டிய நீர் எங்கே போகும்? நேரே கீழே, அண்ணன் தேய்த்து அடுக்கி வைத்திருந்த சட்டைகள்மேல். "அம்மா, மேல என்ன, மழைக்காலம் ஆரம்பிச்சாச்சா?" என்று அவர் குரல் கொடுத்தார். "குழந்தைக்காகப் போட்டது தம்பி, நாலு சொட்டுக்கா சத்தம் போடுற?" என்று பதில் இறங்கியது. அண்ணன் என்ன செய்வார்? சட்டைகளை மறுபடி தேய்த்தார். தேய்க்கத் தேய்க்க ஆவி எழுந்தது. எழுந்த ஆவி எங்கள் அடுக்களைக்கே வந்து சேர்ந்தது. "என்னடி இப்படிப் புழுங்குது" என்று என் மாமியார் இன்னும் இரண்டு விரிப்பை நனைத்தார்.

சிரிக்கிறீர்கள். பூமியும் இதைத்தான் செய்கிறது. சூடான காற்றுக்குத் தாகம் அதிகம். கடலிடமிருந்து கூடுதலாக நீராவியை வாங்கி வைத்துக்கொள்கிறது. அந்த நீராவியோ வெப்பத்தைப் பிடித்துவைக்கும் குணம் கொண்டது. பிடித்துவைத்த வெப்பம் காற்றை இன்னும் சூடாக்க, காற்றின் தாகம் இன்னும் கூடுகிறது. யார் தொடங்கினார், யார் தொடர்ந்தார்? என் மாமியாரா, அண்ணனா? கேட்டுப் பாருங்கள், இருவரும் மேலும் கீழும் கைகாட்டுவார்கள்.

கடல் எங்கே என்கிறீர்களா? மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிதான் நம் கடல். பகலெல்லாம் வெயிலைப் பொறுமையாக வாங்கி உள்ளே போட்டுக்கொள்ளும். வெயில் போனபின்னும் விடாது. விளக்கணைத்த பிறகு முகம் கழுவப் போனால் குழாயில் வெந்நீர் வருகிறதே, அது பகலில் வாங்கிய வெயில். சில மாமியார்களின் கோபம்போல, வாங்கியது காலையில், தருவது இரவில். என் மாமியாரைச் சொல்லவில்லை, பொதுவாகச் சொன்னேன். கடலின் நினைவு தொட்டியைவிட நீளம். இன்று வாங்கும் வெப்பத்தைத் தலைமுறை கடந்தும் திருப்பிக் கொடுக்கும்.

பனி எங்கே? மொட்டைமாடித் தரைக்கு ஒரு காலத்தில் வெள்ளையடித்திருந்தோமே, அதுதான். வெள்ளை வெயிலைத் திருப்பி அனுப்பும். பனியும் அப்படித்தான். பனி உருகினால் அடியில் கருங்கடல் தெரியும். கருங்கடல் வெயிலை விழுங்கும். விழுங்கிய வெயில் மிச்சப் பனியையும் உருக்கும். நம் தரையிலும் வெள்ளை உரிய உரியக் கருமை, கருமை கூடக் கூடச் சூடு, சூடு கூடக் கூட விரிசல், விரிசல் விட விட இன்னும் வெள்ளை உரிகிறது. அந்தத் தரைதான் எங்கள் வீட்டுக் கூரை.

சரி, சென்ற மாத ஒத்திகைக்கு வருவோம். மூடி எப்படியிருக்கும் என்று பார்க்க, முற்றத்தின் உச்சியில் ஒருநாள் தார்ப்பாய் கட்டினீர்கள். "பாருங்க, ஒரு புறா இருக்கா?" என்று செயலாளர் ஐயா பெருமிதத்தோடு அண்ணாந்தார். இல்லை. புறா இல்லை. மறுக்கவில்லை. பிறகு நடந்ததைக் கேளுங்கள்.

கட்டடத்தின் முகப்பு அழகாயிருக்க வேண்டும் என்பது நம் சங்கத்தின் விதி. அதனால் எல்லா ஏசியின் வெளிப்பெட்டியும் முற்றத்துக்குள்தான் தொங்குகிறது. தார்ப்பாய் விழுந்ததும் அவை கக்கிய சூடு வெளியேற வழியில்லை. தான் விட்ட மூச்சையே தான் இழுத்து அக்காவின் ஏசி திணறியது. அக்கா குளிரைக் கூட்டினார். பெட்டி இன்னும் சூட்டைக் கக்கியது. அந்தச் சூடு தாளாமல் முதல் மாடியில் செயலாளர் ஐயாவும் குளிரைக் கூட்டினார். அக்கா சன்னலோரம் வளர்த்த செடிகள் தலை தொங்கின. அவை தந்த சிறு குளிர்ச்சியும் போயிற்று. அண்ணனின் ஆவி எங்கள் அடுக்களையில் அடைக்கலம் புகுந்தது. என் மாமியார் வீட்டிலிருந்த எல்லா விரிப்பையும் நனைத்தார். பிள்ளை அழுதான். நான் ஃப்ரிட்ஜைத் திறந்துவைத்து அதன்முன் அவனைத் தூக்கிப் பிடித்தேன். அவ்வளவுதான். ஃபியூஸ் போயிற்று. லிஃப்ட் இரண்டுக்கும் மூன்றுக்கும் நடுவில் நின்றது. உள்ளே யார்? வாசியுங்கள் ஐயா, ஒரு வார்த்தை விடாமல் என்று வாக்கு. உள்ளே நம் செயலாளர்.

"யாராவது கொஞ்சம் காத்து விடுங்கப்பா" என்று உள்ளிருந்து ஒரு குரல்.

என் மாமியார் படிக்கட்டில் நின்றபடி கேட்டார்: "காத்த மூடுனதே நீங்கதானே தம்பி?"

தார்ப்பாய் இறங்கியது. சூடு ஏறிப் போயிற்று. புறா வந்தது. என் பிள்ளை தூங்கினான்.

பிறகு ஒரு விசாரணை நடந்தது. அக்கா, "அந்த ஈர விரிப்புதான்" என்றார். மாமியார், "அந்த இஸ்திரிப் பெட்டிதான்" என்றார். அண்ணன், "அந்த ஏசிதான்" என்றார். செயலாளர் ஐயா, "அஞ்சாம் மாடி ஃப்ரிட்ஜ்தான்" என்று சங்கக் குறிப்பேட்டில் எழுதி முடித்தார். நால்வர் சொன்னதிலும் உண்மை உண்டு. ஆனால் ஒவ்வொருவரும் மற்ற மூன்றையும் விட்டுவிட்டார்கள். மூடியை நால்வருமே மறந்துவிட்டார்கள். அதனால்தான் இன்று அதே மூடி, தார்ப்பாய் வேடம் கலைத்துப் பிளாஸ்டிக் வேடம் போட்டு வந்திருக்கிறது.

பூமிக்கு மேலேயும் ஒரு மூடி கனத்துக்கொண்டிருக்கிறது. அது தகடு அல்ல. நாம் எரித்தெழுப்பும் வாயு. வெயிலை உள்ளே விடும்; வெளியேறும் வெப்பத்தைப் பிடித்து, ஒரு பங்கைத் திருப்பி அனுப்பும். வேலை செய்யும் விதம் வேறு, வியர்வை ஒன்றுதான். அந்த மூடியை இந்த ஒரு கூட்டத்தில் நம்மால் அகற்ற முடியாது. என் படிப்பு எனக்குத் தந்த பயம் அது. பிள்ளை பிறந்தபின் அந்தப் பயத்துக்கு ஒரு முகமும் வந்துவிட்டது. ஆனால் இந்த மூடியை? போடுவதும் நாம், போடாமல் விடுவதும் நாம். கையெட்டும் மூடியைக்கூட விலக்காத நாம், வானத்து மூடியை யாரிடம் போய் முறையிடுவோம்?

புறாவை என்ன செய்வது என்கிறார் மாடிப்படியில் ஒருவர். கேட்டிருப்பார், எனக்குத் தெரியும். வலை கட்டுவோம். புறா நுழையாது, காற்று நுழையும், சூடு வெளியேறும். என் கணவர் மேலேறிக் கட்டித் தருவார். இது அவருக்கு இதுவரை தெரியாது, இப்போது தெரிந்துகொண்டிருப்பார். தரைக்கு வெள்ளையும் அவரே அடிப்பார்.

பொறுமையோடு கேட்ட பெரியோர்க்கும், சிரித்துக் கேட்ட தாய்மார்க்கும், தன்னைப் பற்றியே தன் வாயால் வாசித்த செயலாளர் ஐயாவின் நேர்மைக்கும் நெஞ்சார்ந்த நன்றி. அவருக்கு ஒருமுறை கைதட்டுங்கள். மெதுவாக, பிள்ளை தூங்குகிறான். வணக்கம்.

ஒன்றே ஒன்று பாக்கி. அண்ணாந்து பாருங்கள். ஐந்தாம் மாடிச் சன்னலில் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு நிற்பது நான்தான். வலைக்குச் சம்மதிப்பவர்கள் கையைத் தூக்கினால் இங்கிருந்தே எண்ணிவிடுவேன். வாயால் சொன்னாலும் காற்று ஏறிவந்து சொல்லிவிடும். தகடு போடுபவர் கூட்டம் முடிந்ததும் வருகிறார். அவர் மூடிவிட்டால், முற்றத்துச் சூட்டுக்குப் பயந்து நான் இந்தச் சன்னலைச் சாத்திவிடுவேன்; உங்கள் குரல் எனக்குக் கேட்காது.

தயவுசெய்து சீக்கிரம் பதில் சொல்லுங்கள்.