வாசல் வரைக்கும் காவல்

— தள்ளாதீங்க ஏட்டய்யா! நான் இன்னும் ஓட்டே போடல.

— தள்ளல யக்கா. உள்ள சத்தம் போட்டா வெளிய கூட்டிகினு வான்னு உத்தரவு. இப்படி நெழல்ல நில்லு. பேரு என்ன?

— அபிதகுசாம்பாள். எழுபத்தேழுல இருந்து இந்தப் பட்டு நெசவாளர் சொசைட்டில மெம்பர். பத்தொம்பது வருசம்! பேரச் சொன்னா, "உன் ஓட்டு காலைலயே விழுந்துடுச்சு, போம்மா"ன்றாரு ஆபீசரு. என் விரலப் பாருங்க, மை இருக்குதா?

— சாம்பல்தான் இருக்குது.

— தறில பாவு நூல் பிணைச்ச கை. பழைய இழையோட புது இழைய சாம்பல் தொட்டு முறுக்கினாதான் நழுவாது. நானும் மருமகளும் விடியக்காலைல உக்காந்தோம். சாயப்பட்டறைல என் பையன் சிவகுமாருக்கு சோறு குடுத்துட்டு வரேன்னு ஏழரைக்குப் போனவ இன்னும் வரல. பாவ பாதில விட்டுட்டு ஓடியாந்தேன்.

— ஒரு ஓட்டுக்கா இவ்ளோ பேஜார்?

— ஒரு ஓட்டா? சரிகை எடை கொறையுதேன்னு கூட்டத்துல ஒரு வார்த்தை கேட்டேன். அன்னியிலேர்ந்து தலைவரு ஜெயவேலு எனக்குப் பாவே தரல. வெளி முதலாளிகிட்ட பாதி கூலிக்கு நெய்றேன். இன்னிக்கு அவர எதிர்த்து நிக்கற கந்தசாமி ஜெயிச்சாதான் என் தறிக்கு சொசைட்டி பாவு வரும்.

— அவங்க சும்மா விடுவாங்களா?

— எங்க விட்டாங்க? நேத்து என் பையன மடக்கி, "உங்கம்மா ஓட்டு எங்களுக்கு வரலன்னா சொசைட்டி சாயப்பட்டறைல உனக்கு வேலை கெடயாது"ன்னு மெரட்னாங்க. நான்தான் சொன்னேன், பயப்படாதடா, இந்த வாட்டி போலீஸ் காவல் போட்டிருக்காங்க, எல்லாம் ஞாயமா நடக்கும்னு.

— காவலு இந்த வாசல் வரைக்கும்தான் யக்கா. வெளிய கல்லு விழாம பாத்துக்கணும். உள்ள பொட்டில என்ன விழுதுன்னு நாங்க கேக்க முடியாது.

— அப்போ நான் யாருகிட்ட போயி அழுவறது?

— கேளு. இப்போ இன்ஸ்பெக்டர் வருவாரு. போட்டது யாருன்னு ஆளக் காட்டினா கேஸ் போடுவாரு. எழுதட்டுமா?

— எழுதுங்க! அந்தப் பாவியப் புடிச்சு உள்ள போடுங்க. என் பேர்ல ஓட்டு போட்டவள படவேட்டு அம்மா சும்மா விடமாட்டா.

— எழுதிட்டேன். பேருக்கு எடம் விட்டிருக்கேன். மொதல்ல இந்த மோரக் குடி.

— உங்களுக்குன்னு குடுத்ததாச்சே...

— குடி யக்கா. ஒண்ணு சொல்லணும், சொல்லலன்னா எனக்கு சோறு எறங்காது. அவள உள்ள கூட்டிகினு போனதே நான்தான்.

— நீங்களா?

— எட்டு மணி இருக்கும். நெறமாசப் புள்ளத்தாச்சி. வரிசைல நிக்க முடியாம செவுத்தப் புடிச்சிகினு நின்னா. தெள்ளார்ல என் தங்கச்சியும் அதே மாதிரி இருக்கறா. மனசு கேக்கல. கைத்தாங்கலா முன்னாடி கூட்டிகினு போனேன். கைல இருந்த சீட்டுல உன் பேருதான். அப்போ உன்ன எனக்குத் தெரியாதே.

— நெறமாசமா?

— ஆமா. மை வெக்க விரல நீட்னா, சாம்பலு. என் கர்ச்சீப்பாலதான் தொடச்சிவிட்டேன். அழுதுகினே இருந்தா. வலிக்குதா தாயின்னேன், இல்லன்னு தலைய ஆட்னா.

— கைல... வளையலு?

— ரெண்டு கையும் ரொம்பி இருந்துது. புதுசு. பச்சையும்...

— செவப்பும்.

— ஆமா! தெரிஞ்ச பொண்ணா? ஐய, மோரெல்லாம் கொட்டுது பாரு. உக்காரு யக்கா.

— ஒண்ணுமில்ல, கை நழுவிடுச்சு.

— ஜல்தியா பேரச் சொல்லு, ஜீப் வந்துடுச்சு. புள்ளத்தாச்சின்னாலும் ஸ்டேஷனுக்கு இட்டுகினுதான் போவாங்க. என்னால தடுக்க முடியாது.

— அதக் கிழிச்சிடுங்க ஏட்டய்யா.

— எத?

— அந்தப் பேப்பர. எனக்குத்தான் மறதி. ஓட்டு போட்டாச்சு.

— உன் விரல்ல மையே இல்லியே!

— சாம்பல்ல மை எங்க ஒட்டும்? காலைல உங்க கையப் புடிச்சிகினு உள்ள போனது நான்தான், ஏட்டய்யா.